ஆதியாகமம் முதல் வெளிப்படுத்தல் வரை ஒரு கருப்பொருளைத் தொடர்வது எப்படி: ரங்கூனில் கையைச் சுட்டுக்கொண்ட ஒருவன் எழுதுவது

இரண்டு முறை என் கட்டுரை சிவப்பு மையோடு திரும்பி வந்தது. தொலைநிலை இறையியல் படிப்பின் இரண்டாம் ஆண்டு ஒப்படைப்பு அது. "இரு ஏற்பாடுகளிலும் தொடரும் ஒரு கருப்பொருளை எடுத்து 4000 சொற்களில் எழுதுக." இந்த ஒரு வரிதான் கேள்வித்தாளில் இருந்தது. எப்படித் தொடங்குவது, எதைப் படிப்பது என்று ஒருவரும் சொல்லவில்லை. ஆழம் தெரியாமல் காலை விட்டேன். ஏழு மாதம் போனது. மூன்றாம் முறைதான் தேறினேன்.

இந்த ஆண்டு எங்கள் தமிழ்ச் சபையிலிருந்து மூன்று பேர் அதே படிப்பில் சேர்ந்திருக்கிறார்கள். ஞாயிறு ஆராதனை முடிந்து டீக்கடையில் உட்கார்ந்தால் நான் அன்று கேட்ட அதே கேள்விகளைக் கேட்கிறார்கள். திரும்பத் திரும்பச் சொல்வதற்குப் பதில் எழுதியே வைத்துவிடலாம் என்று தோன்றியது. படிப்பில் சேராதவர்களுக்கும் இது உதவும். வேதபாட வகுப்பு எடுக்கிறவர்களும், வாலிபர் கூடுகையில் தொடர் செய்தி கொடுக்கச் சொல்லி மாட்டிக்கொண்டவர்களும் படிக்கலாம்.

1. கையில் என்னென்ன வேண்டும், எவ்வளவு ஆகும்

இரண்டு தமிழ் வேதாகமங்கள் கட்டாயம். ஒன்று, நம் சபைகளில் வாசிக்கிற பழைய மொழிபெயர்ப்பு. மற்றது, 1995-இல் வெளிவந்த திருவிவிலியம் பொது மொழிபெயர்ப்பு. ஒன்றே போதும் என்று நினைத்துத்தான் நான் முதல் அடி வாங்கினேன். காரணத்தை நான்காம் படியில் சொல்கிறேன். பொது மொழிபெயர்ப்பு கடையில் கிடைக்காவிட்டால் கத்தோலிக்கத் தமிழ்க் குடும்பங்களிடம் கேட்டுப் பாருங்கள். சென்னையிலிருந்தோ திருச்சியிலிருந்தோ வருகிற உறவினரிடமும் சொல்லி வைக்கலாம்.

மூன்றாவதாக ஒரு பர்மிய வேதாகமம். மிஷனரி ஜட்சன் செய்து 1835-இல் அச்சான மொழிபெயர்ப்பு எல்லார் வீட்டிலும் இருக்கும். அவர் எபிரெயத்திலிருந்தும் கிரேக்கத்திலிருந்தும் நேராக மொழிபெயர்த்தவர். தமிழில் ஒரு வசனம் மங்கலாக இருந்தால் பர்மியில் சில நேரம் தெளிவாகும். வகுப்பில் உட்காரும் பிள்ளைகளில் பாதிப் பேர் தமிழ் பேசுவார்கள், பர்மியில்தான் படிப்பார்கள். அவர்களுக்காகவும் அது வேண்டும்.

போனில் மைசோர்ட் என்ற வேதாகமச் செயலி, கணினி இருந்தால் கேம்பிரிட்ஜில் உள்ள டிண்டேல் ஹவுஸ் ஆய்வு மையம் தயாரித்த ஸ்டெப் பைபிள் மென்பொருள். இரண்டையும் இலவசமாகப் பயன்படுத்தலாம். தரவிறக்கி வைத்தால் இணையம் இல்லாமலும் வேலை செய்யும். கரண்ட் வரும் நேரத்தில் போனையும் பவர் பேங்கையும் நிரப்பி, கோப்புகளை எல்லாம் முதல் வாரத்திலேயே இறக்கிவிடுங்கள். ஒப்படைப்புக்கு இரண்டு நாள் இருக்கும்போது விபிஎன்னோடு மல்லுக்கட்டிய அனுபவம் எனக்குப் போதும்.

பணம் கொடுத்து வாங்கும் பெரிய மென்பொருள் எதையும் தொடாதீர்கள். இங்கிருந்து வெளிநாட்டுக் கடைக்குக் கார்டில் பணம் கட்டுவதே பலருக்கு முடியாத காரியம். இந்த வேலைக்கு அது தேவையும் இல்லை.

நூலகத்துக்கு: இறையியல் கல்லூரி நூலகங்களில் வெளியாள் உட்கார்ந்து படிக்க வேண்டுமென்றால் போதகரிடமிருந்து சபை முத்திரையோடு ஒரு கடிதம், தேசியப் பதிவு அட்டையின் நகல், இரண்டு பாஸ்போர்ட் அளவுப் படம் மூன்றையும் உறையில் போட்டுக் கொண்டுபோங்கள். நான் கடிதம் இல்லாமல் ஒரு நூலகத்துக்குப் போய் வாசலிலேயே திரும்பினேன். பஸ்ஸில் போக இரண்டு மணி நேரம், வர இரண்டு மணி நேரம். போகும் முன் ஒரு போன் செய்திருந்தால் அந்த நாள் மிஞ்சியிருக்கும்.

செலவைக் கியாட் கணக்கில் எழுதினால் நீங்கள் படிக்கும் நாளில் அது பொய்யாகிவிடும். அளவாகச் சொல்கிறேன்: நகல் எடுத்தது 146 பக்கம், பெரிய நோட்டு இரண்டு, நூலகத்துக்கு நான்கு பயணம், கடைசியில் அச்செடுக்க 20 பக்கம். நகலில் பாதி வீண். ஒரு புத்தகத்தின் பொருளடக்கத்தையும் சுட்டியையும் முதலில் போனில் படம் பிடித்து வீட்டில் உட்கார்ந்து பார்த்துவிட்டு, அடுத்த பயணத்தில் தேவையான பக்கங்களை மட்டும் நகல் எடுங்கள்.

2. சின்னக் கருப்பொருளாக எடுங்கள்

நான் முதலில் எடுத்தது "மீட்பு". அது கடல். 66 புத்தகத்திலும் இருக்கும். 4000 சொல்லில் அடங்காது. இரண்டாவது "உடன்படிக்கை". அதுவும் பெரிதுதான். மூன்றாவதாக எடுத்தது, "தேவன் மனிதர் நடுவே வாசம்பண்ணுவது". ஆசரிப்புக் கூடாரம், ஆலயம், பிறகு கிறிஸ்து, பிறகு சபை, கடைசியில் புதிய எருசலேம். பிடித்து நடக்க ஒரு கயிறு இருந்தது.

சோதித்துப் பார்க்க ஒரு வழி. உங்கள் கருப்பொருள் நியாயப்பிரமாணம் (மோசேயின் ஐந்து புத்தகங்கள்), தீர்க்கதரிசிகள், சங்கீதம், சுவிசேஷம், நிருபம், வெளிப்படுத்தல் ஆகிய ஆறு இடங்களிலும் குறைந்தது ஒரு முழுப் பகுதியிலாவது வெளிப்படையாக வர வேண்டும். ஒரு வசனம் மட்டும் வந்தால் போதாது. ஆறில் நான்கு கூடத் தேறாவிட்டால் விட்டுவிடுங்கள். ஓய்வுநாள், மேய்ப்பன், வனாந்தரம், முதற்பேறு, திராட்சத்தோட்டம் எல்லாம் புதியவருக்கு ஏற்ற அளவு.

3. தலைப்பைக் கேள்வியாக மாற்றுங்கள்

இதை ஒரே மாலையில் முடிக்கலாம். "ஆலயம்" என்பது தலைப்பு. "தேவனுடைய மகிமை விட்டுப்போன ஆலயத்துக்கு அது திரும்பி வந்ததா?" என்பது கேள்வி. தலைப்பு வைத்து எழுதினால் வசனப் பட்டியல்தான் வரும். கேள்வி வைத்தால் கட்டுரை வரும். ஐயாவிடம் (எங்கள் போதகரை அப்படித்தான் கூப்பிடுவோம்) என் கேள்வியைக் காட்டியபோது, "இதுக்குப் பதில் எனக்கே உடனே சொல்லத் தெரியலையே" என்றார். நல்ல கேள்விக்கு அது அடையாளம்.

4. ஒத்துவாக்கியத்தை நம்பி மோசம் போகாதீர்கள்

பெரும்பாலோர் விழும் குழி இதுதான். நானும் விழுந்தேன். தமிழ் ஒத்துவாக்கியத்தை (ஒவ்வொரு சொல்லும் எந்தெந்த வசனத்தில் வருகிறது என்று காட்டும் அகராதி) எடுத்து, ஒரு சொல் வரும் வசனங்களை எல்லாம் அடுக்கி, "பாருங்கள், வேதம் முழுவதும் ஒரே இழை!" என்று எழுதுவோம். நம் ஊரில் இதற்கு மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுவது என்று பெயர்.

ஒரு உதாரணம் சொல்கிறேன். பழைய மொழிபெயர்ப்பில் நோவா கட்டியது "பேழை". மோசேயின் தாய் குழந்தையை வைத்தது "நாணற்பெட்டி". கற்பலகைகள் இருந்தது "உடன்படிக்கைப் பெட்டி". பெட்டி, பெட்டி என்று வருகிறதே என்று மோசேயின் நாணற்பெட்டியையும் உடன்படிக்கைப் பெட்டியையும் இணைத்து நான் அரைப் பக்கம் எழுதினேன். பொது மொழிபெயர்ப்பை எடுத்தால் அங்கே "உடன்படிக்கைப் பேழை". அப்படியானால் நோவாவையும் கற்பலகைகளையும் இணைக்கத் தோன்றும். எபிரெயத்தில் பார்த்தால் கதை வேறு. நோவாவின் பேழையும் மோசேயின் நாணற்பெட்டியும் ஒரே சொல்: "தேவா" (tevah; தேவனைக் கூப்பிடும் தமிழ்ச் சொல் அல்ல). உடன்படிக்கைப் பெட்டி வேறு சொல்: "ஆரோன்" (aron; மோசேயின் அண்ணன் பெயர் அல்ல). தண்ணீரிலிருந்து ஒரு குடும்பத்தைக் காத்தது, தண்ணீரிலிருந்து ஒரு குழந்தையைக் காத்தது. உண்மையான முடிச்சு அங்கே இருக்கிறது. இரண்டு தமிழ் மொழிபெயர்ப்பில் எதை மட்டும் வைத்திருந்தாலும் நான் தவறான முடிச்சைத்தான் போட்டிருப்பேன்.

எபிரெயம் தெரியாதே என்று பயப்பட வேண்டாம். எனக்கும் தெரியாது. ஸ்ட்ராங் எண்கள் என்று ஒன்று உண்டு. 1890-இல் வெளிவந்த ஜேம்ஸ் ஸ்ட்ராங்கின் ஒத்துவாக்கியத்தில் ஒவ்வொரு மூலச் சொல்லுக்கும் ஓர் எண் கொடுத்திருக்கிறார். செயலியில் வசனத்தைத் தொட்டால் எண் வரும். எண்ணைத் தேடினால் அந்தச் சொல் வரும் எல்லா இடமும் வரும். தேவா 8392, ஆரோன் 727, உடன்படிக்கை என்று நாம் படிக்கிற பெரித் 1285. ஆங்கில வழியாகத்தான் போக வேண்டும். பத்தாம் வகுப்பு ஆங்கிலம் போதும்.

இன்னொரு உதாரணம், இது தலைகீழ். ஆதியாகமம் 2:15-இல் ஆதாமை ஏதேனில் வைத்தது "பண்படுத்தவும் காக்கவும்". எண்ணாகமம் 3:7-இல் லேவியர் கூடாரத்தின் "பணிவிடை" செய்து "காவல்" காக்க வேண்டும். தமிழில் தேடினால் இரண்டும் சேரவே சேராது. எபிரெயத்தில் அதே இரண்டு வினைச்சொற்கள்: எண் 5647, எண் 8104. தோட்டக்காரன் என்று நினைத்த ஆதாம் ஆசாரியன்போல் தெரிகிறான். இதை வைத்து ஏதேனையே முதல் ஆலயமாகப் பார்க்கிற அறிஞர்கள் உண்டு. அது மிகை என்கிறவர்களும் உண்டு. இரண்டு பக்கத்தையும் எழுதுங்கள். ஒரு பக்கம் மட்டும் எழுதியதற்காக எனக்கு மதிப்பெண் குறைந்தது.

சொல் இல்லாமலே பொருள் இருப்பதும் உண்டு. 2 சாமுவேல் 7-இல் தேவன் தாவீதுக்கு வாக்குக் கொடுக்கிறார். அந்த அதிகாரத்தில் உடன்படிக்கை என்ற சொல் ஓர் இடத்திலும் இல்லை. சங்கீதம் 89:3 அதை உடன்படிக்கை என்றே சொல்கிறது. 1285-ஐ மட்டும் தேடிக்கொண்டு போனவன் தாவீதின் உடன்படிக்கையைத் தவறவிட்டிருப்பான்.

இதோடு சேர்ந்த ஒரு சின்னக் குழி, வேர்ச்சொல் மயக்கம். பர்மிய வேதாகமத்தில் எருசலேம் ஆலயத்துக்குப் "பெய்க்மான்டோ" என்று பெயர். நம் கோயில் கருவறை மேல் நிற்கும் "விமானம்" என்ற சொல்லும் அதுவும் ஒரே வேர். கண்டுபிடித்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை. கட்டுரையில் ஒரு பத்தி எழுதினேன். திருத்தியவர் பத்தியையே வெட்டி, "இதனால் எசேக்கியேலைப் பற்றி என்ன தெரிகிறது?" என்று எழுதியிருந்தார். ஒன்றும் தெரியவில்லைதான். ஒரு சொல்லின் வேரிலிருந்து இறையியலை உருவி எடுக்க முடியாது, சொல் வாக்கியத்தில் என்ன செய்கிறது என்று பாருங்கள் என்று வேத அறிஞர் ஜேம்ஸ் பார் 1961-லேயே கடுமையாக எழுதிவிட்டார். எபிரெய வேர், கிரேக்க வேர் என்று பிரசங்கத்தில் அடித்துவிடுகிறவர்களைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு அந்தச் சிவப்பு மை நினைவுக்கு வரும்.

5. வரிசையாக நடங்கள், தாவாதீர்கள்

வசனங்கள் கிடைத்ததும் ஆதியாகமத்திலிருந்து யோவானுக்கு ஒரே தாவு தாவத் தோன்றும். தாவாதீர்கள். நோட்டில் ஒரு புத்தகத்துக்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள். ஒவ்வொரு பக்கத்திலும் மூன்றே குறிப்பு: இங்கே என்ன சொல்கிறது, முன்பு சொன்னதற்கு மேல் என்ன சேர்ந்தது, எதைச் சொல்லாமல் விட்டது.

மூன்றாவது குறிப்புதான் எனக்குக் கட்டுரையையே கொடுத்தது. யாத்திராகமம் 40-இல் கூடாரம் முடிந்ததும் மேகம் மூடியது, மகிமை நிரப்பியது, மோசேயால் உள்ளே போக முடியவில்லை. 1 இராஜாக்கள் 8-இல் சாலொமோன் கட்டிய ஆலயத்திலும் அதே மேகம். ஆசாரியர்கள் நிற்க முடியவில்லை. எசேக்கியேல் 10, 11-இல் மகிமை படிப்படியாக வெளியேறுகிறது: முதலில் வாசற்படி, பிறகு கிழக்கு வாசல், பிறகு நகரத்துக்குக் கிழக்கே உள்ள மலை. கிழக்கு என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஏதேனுக்கும் கிழக்கேதான் கேருபீன்கள் காவல் நின்றன. பாபிலோன் சிறையிருப்பிலிருந்து திரும்பி வந்தவர்கள் இடிந்துபோன ஆலயத்தை மறுபடி கட்டி முடித்தது எஸ்றா 6-இல் வருகிறது. பலி உண்டு, பிரதிஷ்டை உண்டு, சந்தோஷம் உண்டு. மேகம் இல்லை. மகிமை நிரப்பியதாக ஒரு சொல்கூட இல்லை.

அந்த இடத்தில் நோட்டை மூடிவிட்டு மாடிப்படியில் போய் உட்கார்ந்தேன். இருட்டு, கரண்ட் இல்லை, தெருவெல்லாம் ஜெனரேட்டர் சத்தம். பழைய ஏற்பாடு அந்த வெற்றிடத்தை அப்படியே விட்டுவைக்கிறது. எசேக்கியேல் 43-இல் மகிமை கிழக்கேயிருந்து திரும்பி வருவதாகத் தரிசனம் இருக்கிறது. கட்டிய கட்டடத்தில் வந்ததாகச் செய்தி இல்லை. இதற்கப்புறம் யோவான் 1:14-ஐப் படித்துப் பாருங்கள்: "நமக்குள்ளே வாசம்பண்ணினார், அவருடைய மகிமையைக் கண்டோம்." அங்கே வரும் கிரேக்க வினை, எண் 4637, கூடாரம் என்ற சொல்லோடு பிறந்தது. நம் பழைய மொழிபெயர்ப்பு யாத்திராகமம் 25:8-இலும் "வாசம்பண்ண" என்றே வைத்திருக்கிறது. தமிழ் காலை வாரிவிட்ட இடங்களைச் சொன்னேன், கைகொடுத்த இடத்தையும் சொல்ல வேண்டும் அல்லவா.

அதன்பின் 1 கொரிந்தியர் 3:16, எபேசியர் 2:21-22. கடைசியில் வெளிப்படுத்தல் 21. அங்கே ஆலயமே இல்லை என்கிறது 22-ஆம் வசனம். ஆனால் 16-ஆம் வசனத்தில் நகரத்தின் நீளம், அகலம், உயரம் மூன்றும் சமம். அப்படி மூன்றும் சமமாக இருந்த ஓர் இடத்தை 1 இராஜாக்கள் 6:20-இல் பாருங்கள்: 20 முழம், 20 முழம், 20 முழம். மகா பரிசுத்த ஸ்தலம். நகரம் முழுவதுமே கருவறையாகிவிட்டது.

இந்த நடைக்கு நான்கு வாரம் வேண்டும். பத்து நாளில் முடித்தேன் என்றால் எஸ்றாவைத் தாண்டிக் குதித்திருப்பீர்கள்.

6. புதிய ஏற்பாடு பழையதை எடுத்தாளும் இடத்தில் நின்று போங்கள்

ரெபரன்ஸ் பைபிளின் ஓரக்குறிப்பைப் பார்த்து மூல வசனத்தை மட்டும் படிக்காதீர்கள். அந்த அதிகாரம் முழுவதையும் படியுங்கள். மத்தேயு 2:15, "எகிப்திலிருந்து என்னுடைய குமாரனை வரவழைத்தேன்" என்ற ஓசியா 11:1-ஐ எடுக்கிறது. ஓசியாவைத் திறந்தால் அங்கே பேச்சு முன்னறிவிப்பு அல்ல. நடந்து முடிந்த யாத்திரை. குமாரன் என்பது இஸ்ரவேல். அடுத்த வசனத்திலேயே அந்தக் குமாரன் பாகால்களுக்குப் பலியிடப் போய்விடுகிறான். மத்தேயு தவறாக எடுத்துவிட்டார் என்று ஒரு சாராரும், இஸ்ரவேலின் கதையை இயேசு மறுபடி நடந்து காட்டுகிறார், முதல் குமாரன் தவறிய இடத்தில் இவர் நிற்கிறார் என்று மற்றொரு சாராரும் சொல்வார்கள். யாத்திராகமம் 4:22-இல் இஸ்ரவேலைத் தம் சேஷ்டபுத்திரன் (மூத்த மகன்) என்று தேவன் சொன்னதையும் வைத்துப் பார்த்தால் இரண்டாவதே எனக்குப் பொருந்துகிறது.

"தீர்க்கதரிசனம், நிறைவேறுதல்" என்ற ஒரே பெட்டியில் எல்லா மேற்கோளையும் போட்டுவிடாதீர்கள். சில நேராக நிறைவேறுகின்றன, சில முன்மாதிரியாக நிற்கின்றன, சில எதிரொலி மட்டும். நோட்டில் மூன்று நிறப் பேனாவால் பிரியுங்கள். எந்த நிறம் என்று தெரியாததற்குப் பென்சில்.

7. அறிஞர்கள் பெயரை எங்கே, எவ்வளவு

ஒப்படைப்பில் குறைந்தது மூன்று அறிஞரோடு பேச வேண்டும் என்று எதிர்பார்ப்பார்கள். ஒரு பக்கத்துக்கு மேல் போக வேண்டாம். பழைய ஏற்பாட்டுக்கு ஒரே மையம் உண்டு, அது உடன்படிக்கை என்று சொன்னவர் வால்டர் ஐக்ரோட்; அவருடைய முதல் தொகுதி 1933-இல் வந்தது. ஒரே மையம் என்று ஒன்றைத் திணிக்காதீர்கள், தேவன் செய்ததை ஒவ்வொரு தலைமுறையும் புதிதாகச் சொல்லிக்கொண்டே வந்தது என்றவர் கெர்ஹார்ட் ஃபான் ராட். எந்தப் பகுதி எப்போது எழுதப்பட்டது என்று பிரித்துக்கொண்டே இருக்காமல், சபை கையில் வாங்கிய முழு வேதாகமத்தை அதன் இறுதி வடிவில் படியுங்கள் என்றவர் பிரேவர்ட் சைல்ட்ஸ். உங்கள் கருப்பொருள் இந்த மூவரில் யாரோடு ஒத்துப்போகிறது, யாரோடு மோதுகிறது என்று எழுதினால் போதும்.

இங்கே நேர்மையாக ஒன்று செய்யுங்கள். உங்கள் கருப்பொருளில் ஒட்டாத புத்தகங்களைப் பெயர் சொல்லி எழுதுங்கள். நீதிமொழிகளிலும் பிரசங்கியிலும் உடன்படிக்கை வரலாறு ஏறக்குறைய இல்லை. எபிரெய எஸ்தரில் தேவன் என்ற சொல்லே இல்லை. என் முதல் இரண்டு கட்டுரையிலும் இவற்றை ஒளித்தேன். மூன்றாவதில் அரைப் பக்கம் ஒதுக்கி, "என் நூல் இந்தப் புத்தகங்களைக் கோக்கவில்லை" என்று எழுதினேன். அந்த அரைப் பக்கத்தின் ஓரத்தில் மட்டும்தான் பச்சை மையில் ஒரு சரி அடையாளம் இருந்தது.

8. நாள் கணக்கும் ஒப்படைப்பும்

வேலைக்குப் போய்க்கொண்டே எழுதுகிறவருக்குப் பன்னிரண்டு வாரம் வேண்டும், வாரம் ஆறு மணி நேரம். முதல் வாரம் தரவிறக்கமும் நூலகக் கடிதமும். இரண்டாவது வாரம் கருப்பொருளும் கேள்வியும். மூன்று, நான்கு சொல் தேடல். ஐந்து முதல் எட்டு வரை வரிசை நடை. ஒன்பது மேற்கோள்கள். பத்து நூலகம். பதினொன்றில் எழுதுங்கள். பன்னிரண்டாவது வாரத்தை எதற்கும் ஒதுக்காதீர்கள். கரண்ட்டும் காய்ச்சலும் சபைக் கல்யாணமும் அதைத் தானாகவே எடுத்துக்கொள்ளும். கிறிஸ்துமஸ் மாதத்தில் தொடங்கவே வேண்டாம்.

தட்டச்சு விஷயத்தில் ஓர் எச்சரிக்கை. பழைய தமிழ்க் கோப்புகள் பாமினி எழுத்துருவில் இருக்கும், பழைய பர்மியக் கோப்புகள் ஸாஜியில் இருக்கும். இரண்டையும் யூனிகோடுக்கு மாற்றாமல் ஒரே கட்டுரையில் ஒட்டினால் அச்சுக் கடையில் கட்டம் கட்டமாக வரும். முழுவதையும் யூனிகோடில் வைத்து, பிடிஎஃப் ஆக்கி, பென் டிரைவில் ஒரு பிரதி, மின்னஞ்சலில் ஒரு பிரதி வையுங்கள்.

வசன எண்களை அனுப்பும் முன் எண்ணிப் பாருங்கள். செயலியில் எபிரெயப் பதிப்பில் தேடியிருந்தால் யோவேலுக்கு நான்கு அதிகாரம், மல்கியாவுக்கு மூன்று அதிகாரம் காட்டும். நம் தமிழ் வேதாகமத்தில் யோவேல் மூன்று, மல்கியா நான்கு. சங்கீதங்களிலும் தலைப்பை முதல் வசனமாக எண்ணுவதால் ஒன்றிரண்டு எண் தள்ளிப்போகும். நான் அப்படி மாற்றி எழுதியது ஒன்பது இடம். திருத்துகிறவர் ஒவ்வொன்றையும் திறந்து பார்ப்பார்.

கட்டுரையைக் கொடுத்த அன்றே ஒரு நகலில் பெற்றுக்கொண்ட தேதியும் கையெழுத்தும் வாங்கிக்கொள்ளுங்கள். என் இரண்டாவது கட்டுரையை வாங்கவே இல்லை என்று சொல்லிவிட்டார்கள். ஐந்து வாரம் கழித்து வேறொருவர் மேசையில் கிடைத்தது.